பரிசப்பணமும் ஒரு பண்ணையாரும்

ராணுவ சேவை முடிந்து ஊர் திரும்பும் ஃபெய்ஸோவுக்கும் பிலோவுக்கும் ஒரே பெண்மீது கண். பெயர் குலோ. அவள் தகப்பனுக்கு இதைவிட நல்ல சேதி ஏது? அதிகம் தருபவனுக்கே பெண் என்கிறார். ஊர் வேடிக்கை பார்க்க, மாட்டுச் சந்தை போல ஏலம் நடக்கிறது. அவளுடைய சம்மதத்தை யாரும் கேட்பதில்லை. ஃபெய்ஸோ ஜெயிக்கிறான். கையில் இல்லாத பணத்துக்குக் கடன் பத்திரம் எழுதிக் கொடுத்துத்தான்.

அதிஃப் யில்மாஸ் இயக்கி 1978இல் வெளியான துருக்கியப் படம் 'கிபார் ஃபெய்ஸோ'. ஃபெய்ஸோவாகக் கெமால் சுனால், பிலோவாக இலியாஸ் சல்மான், குலோவாக மூஜ்தே ஆர்.

பெண்ணுக்குக் கொடுக்கும் இந்தப் பணத்துக்குத் துருக்கியில் 'பாஷ்லிக்' என்று பெயர். 'பாஷ்' என்றால் தலை. 'தலைப்பணம்' என்று மொழிபெயர்க்கலாம்தான். 'பரிசம்' என்ற பழைய சொல் நம்மிடம் இருக்கும்போது எதற்கு? ஸ்விஸ் சட்டத்தைத் தழுவி 1926இல் துருக்கி கொண்டுவந்த சிவில் சட்டம் பலதார மணத்தை ஒழித்தது, திருமணத்தை அரசு அதிகாரி முன் நடத்தச் சொன்னது. 52 ஆண்டுகள் கழித்து வந்த இந்தப் படத்தின் கிராமத்திலோ, சட்டம் என்பது பண்ணையார் மாஹோவின் வாய்ச்சொல். பிடிக்காதவனை ஊரைவிட்டே துரத்துவார். நிலமும் அவருடையது, ஊரும் அவருடையது.

சிரிப்புக்கு நடுவே படம் காட்டும் கணக்கு கொடூரமானது. கல்யாணம் செய்துகொள்ளக் கடன். கடனை அடைக்க நகரத்தில் கட்டட வேலை. அங்கே 'வேலைநிறுத்தம்', 'உரிமை' போன்ற சொற்களைக் கற்றுக்கொண்டு ஃபெய்ஸோ ஊர் திரும்புகிறான். பணத்தைவிட அந்தச் சொற்கள்தான் பண்ணையாரை மிரட்டுகின்றன. கதை கொலையில் போய் முடிகிறது. அதுவரை நம்மைச் சிரிக்க வைத்தது கொஞ்சம் அநியாயம்தான்.

மாஹோவாக நடித்த ஷெனெர் ஷென், 1985இல் வந்த 'ஸூயூர்ட் ஆஆ'வில் மறுபடியும் பண்ணையார். தலைப்புக்கு 'ஓட்டாண்டிப் பண்ணையார்' என்று பொருள். இயக்கம் நெஸ்லி சோல்கெசென், கதை யாவுஸ் துர்குல். மழை பொய்க்கிறது. குடிகள் தானியத்தைத் திருடி விற்றுவிட்டு இஸ்தான்புல்லுக்கு ஓடுகிறார்கள். ஊரையே விற்றுவிட்டு அவரும் பின்னால் போகிறார். அங்கே தெருத்தெருவாகத் தக்காளி விற்க வேண்டிய நிலை. கூவினால்தான் வியாபாரம். ஒரு கிராமத்தையே அதட்டி ஆண்ட மனிதருக்குக் கூவ வாய் வரவில்லை. பக்கத்தில் நிற்பவருக்கும் கேட்காத குரலில் சொல்லிப் பார்க்கிறார்: "தக்காளி..."