கனத்த உடம்புக்கு ஒரு பேட்டரி வீல்சேர்: அமெரிக்க பில்லில் உள்ள எழுத்துகள் என்ன சொல்கின்றன?

எழுபதுகளிலும் எண்பதுகளிலும் அமெரிக்கா போன நம் ஊர் டாக்டர்களும் இன்ஜினியர்களும் இப்போது அங்கேயே தாத்தா, பாட்டி ஆகிவிட்டார்கள். 65 வயதைத் தாண்டியவர்களுக்கு அந்த நாட்டு அரசு நடத்தும் ‘மெடிகேர்’ இன்சூரன்ஸ் இருக்கிறது. பிள்ளைகளோடு குடியேறி, கிரீன் கார்டுடன் தொடர்ந்து ஐந்து வருஷம் அங்கே வசித்த 65 வயதுப் பெற்றோர்களும் பணம் கட்டி இதில் சேரலாம். (பேரனைப் பார்க்க விசிட்டர் விசாவில் போகிறவர்களுக்கு இது கிடையாது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.)

இவர்களில் உடம்பு கனத்து, மூட்டு தேய்ந்து, நடை நின்றுபோனவர்கள் சிலர் தைலம் கேட்டு எனக்கு போன் செய்வார்கள். தைலத்தைப் பற்றிப் பேசி முடித்ததும் அடுத்த கேள்வி வரும். “டாக்டர், வீல்சேர் பில் வந்திருக்கு. கே, ஜி, எக்ஸ்னு என்னென்னமோ எழுத்தா இருக்கு. பணம் தர மாட்டேன்னுட்டான். இது என்னன்னு உங்களுக்குத் தெரியுமா?”

சித்த வைத்தியனுக்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் கேட்கலாம். நியாயம்தான். நான் எழுதித் தருகிற சான்றிதழ் அங்கே செல்லாது. சித்த மருந்துக்கு மெடிகேர் ஒரு டாலர்கூடத் தராது. ஆனால் உட்கார்ந்து படித்துப் பார்த்தால், அந்த எழுத்துகள் அத்தனையும் நோயாளியின் உடம்பைப் பற்றித்தான் பேசுகின்றன. எடை எவ்வளவு? கையில் பலம் உண்டா? கழிப்பறை வரை தானாகப் போக முடிகிறதா? எந்த வைத்தியனும் கேட்கிற கேள்விகள்தான் இவை. பதில் சரியாகப் பதிவாகவில்லை என்றால் ஆயிரக்கணக்கான டாலர் உங்கள் பிள்ளையின் தலையில் விழும்.

பகுதியும் விகுதியும்

பள்ளிக்கூடத்தில் பகுதி, விகுதி படித்தோமே, ஞாபகம் இருக்கிறதா? ‘செய்’ என்பது பகுதி. அதோடு ஒட்டுவதை வைத்துத்தான் ‘செய்தான்’, ‘செய்வாள்’ என்று யார், எப்போது என்பது தெரிகிறது. அமெரிக்க மருத்துவ பில்லும் அப்படித்தான். பொருளுக்கு ஒரு கோடு எண்: ஓர் ஆங்கில எழுத்து, பின்னால் நான்கு இலக்கம். அதன் வாலில் இரண்டிரண்டு எழுத்தாக ‘மாடிஃபையர்’ என்னும் ஒட்டு. கோடு எண் ‘என்ன பொருள்’ என்று சொல்லும். ஒட்டு எழுத்து ‘புதுசா, வாடகையா, யார் பணம் கட்டுவது’ என்று சொல்லும்.

பேட்டரியில் ஓடும் வீல்சேர்களுக்கு கே 0813 முதல் கே 0899 வரை எண்கள். 2006 நவம்பரில் இந்த வரிசை வந்தது. அதற்கு முன்னால் நாலைந்து எண்களிலேயே எல்லா நாற்காலியையும் அடைத்து வைத்திருந்தார்கள். எதற்கு இத்தனை நுணுக்கம்? கொள்ளை நடந்ததுதான் காரணம். 1999ல் பேட்டரி வீல்சேருக்காக மெடிகேர் கொடுத்தது 28.9 கோடி டாலர். 2002ல் அதுவே 84.5 கோடி! டெக்சாஸ் மாநிலத்தில் ஹூஸ்டன் நகரம் இருக்கும் ஹாரிஸ் கவுண்டியில், நன்றாக நடமாடுகிறவர்கள் பேரிலெல்லாம் வீல்சேர் பில் போட்டிருந்தார்கள். 2003ல் அரசு விழித்துக்கொண்டு கெடுபிடியை ஆரம்பித்தது. திருடினவன் யாரோ... இன்று நிஜமாகவே நடக்க முடியாதவர்தான் அத்தனை காகிதமும் காட்ட வேண்டியிருக்கிறது.

285 பவுண்டு என்ற கோடு

நாற்காலி 300 பவுண்டு வரை தாங்கினால் அது ‘ஸ்டாண்டர்டு’. 301 முதல் 450 வரை ‘ஹெவி டியூட்டி’. 451 முதல் 600 வரை ‘வெரி ஹெவி டியூட்டி’. அதற்கும் மேல் ‘எக்ஸ்ட்ரா ஹெவி டியூட்டி’. நம் கணக்கில் 300 பவுண்டு என்பது 136 கிலோ, 450 என்பது 204 கிலோ, 600 என்பது 272 கிலோ.

இதில் இன்னொரு பிரிவும் உண்டு. ‘குரூப் 2’ என்பது சாதாரண உபயோகத்துக்கு. ஹெவி டியூட்டியில் இதற்கு கே 0824, கே 0825 என்று இரண்டு எண்கள். முன்னது மெத்தையைத் தனியாக வைத்துக்கொள்ளும் இருக்கை. பின்னது கார் சீட் மாதிரி முழுசாகவே வரும் இருக்கை. ‘குரூப் 3’ இன்னும் உறுதியானது, வேகமும் தூரமும் அதிகம். அதற்கு கே 0850, கே 0851. ஆனால் குரூப் 3 வேண்டுமென்றால் நடக்க முடியாமைக்குக் காரணம் நரம்பு நோயாகவோ, தசை நோயாகவோ, பிறவியிலேயே வந்த எலும்புக் கோணலாகவோ இருக்க வேண்டும். பருமனோடு முழங்கால் தேய்மானம் (நாங்கள் ‘அழல் கீல்வாயு’ என்போம்) மட்டும் என்றால் குரூப் 2தான். கடைக்காரர் ஆசை காட்டினாலும் ஏமாறாதீர்கள்.

சரி, நோயாளி 300 பவுண்டைத் தாண்டினால்தான் ஹெவி டியூட்டி கிடைக்குமா? இல்லை. இங்கேதான் பலர் கோட்டை விடுகிறார்கள். கீழ் வகை நாற்காலி தாங்கும் எடையில் 95 சதவீதம் வந்துவிட்டாலே மேல் வகைக்குத் தகுதி உண்டு. 300ல் 95 சதவீதம் 285. ஆகவே 285 முதல் 450 பவுண்டு வரை எடை உள்ளவருக்கு ஹெவி டியூட்டி. 428 முதல் 600 வரை உள்ளவருக்கு வெரி ஹெவி டியூட்டி. 570ம் அதற்கு மேலும் என்றால் கடைசி வகை.

கிலோவில் போட்டுப் பாருங்கள். 129 கிலோ என்பது 284 பவுண்டு சொச்சம். 130 கிலோ என்பது 286 பவுண்டு சொச்சம். ஒரே ஒரு கிலோ, தீர்ப்பு மாறிவிடுகிறது! “அம்மா ஒரு 125, 130 இருப்பாங்க” என்று டாக்டரிடம் குத்துமதிப்பாகச் சொல்லவே கூடாது. பரிசோதனை நாளில் நிறுத்துப் பார்த்து, பவுண்டில், தேதியோடு குறிப்பில் எழுதச் சொல்லுங்கள். வீட்டில் உள்ள எடை மெஷின்கள் பல 150 கிலோவோடு நின்றுவிடும். நிற்க முடியாதவரை நாற்காலியோடு ஏற்றி நிறுக்கும் மேடைத் தராசு இருக்கும் கிளினிக்காகப் பார்த்துப் போங்கள். காலில் நீர் கோத்து வீங்கியவர்களுக்கு மருந்து கொடுத்ததும் எடை மளமளவென்று இறங்கும். போன வருஷத்து எடை இந்த வருஷத்துக்கு உதவாது.

எடையைக் குறைத்துச் சொல்வதும் உண்டு, வெட்கத்தால். நம் பெண்களிடம் இது ரொம்ப அதிகம். தாங்காத நாற்காலியில் உட்கார்ந்தால் சட்டம் விரிசல் விடும், மோட்டார் சூடேறும், சரிவில் பிரேக் பிடிக்காது. இடுப்பு நெருக்கிப் படுக்கைப் புண் வரும். சர்க்கரை வியாதிக்காரருக்கு அந்தப் புண் ஆறுவது எவ்வளவு கஷ்டம் என்று சொல்ல வேண்டியதில்லை.

ஒரு விஷயம் கவனியுங்கள். கனத்த உடம்புக்காகப் போடும் கூடுதல் கம்பி, பெரிய மோட்டார், கியர் எல்லாம் அந்தக் கோடு எண்ணுக்குள்ளேயே அடக்கம். சார்ஜர், டயர், இடுப்பு பெல்ட், வீட்டில் கொண்டுவந்து பூட்டிக்கொடுக்கும் கூலி, இவையும் அடக்கம். ஹெவி டியூட்டியில் இருக்கை 22 அங்குல அகலம் வரை தனிக் காசு கிடையாது. இதற்கெல்லாம் தனியாக பில் போட்டிருந்தால், ஏன் என்று கேளுங்கள்.

கூச்சம் வேண்டாம்

மெடிகேர் கேட்கும் முக்கியமான கேள்வி ஒன்றே ஒன்று. வீட்டுக்குள் இந்த நாற்காலி இல்லாமல் இவரால் கழிப்பறைக்குப் போகவும், சாப்பிடவும், உடுத்தவும், முகம் கழுவித் தலை வாரவும், குளிக்கவும் முடியுமா? கவனியுங்கள், வீட்டுக்குள்! வெளியே போவது கணக்கில் வராது.

நம் பெரியவர்கள் என்ன செய்கிறார்கள்? டாக்டர் “எதற்கு வீல்சேர்?” என்றதும், “கோயிலுக்குப் போகணும், பேரன் பள்ளிக்கூட விழாவுக்குப் போகணும்” என்கிறார்கள். ராத்திரியில் பாத்ரூம் வரை போக முடியாமல் படுக்கை நனைந்துபோனதை மகன் முன்னால் எப்படிச் சொல்வது? நாக்கு எழாது. டாக்டர் சொன்னதை அப்படியே எழுதிக்கொள்வார். ‘வெளியில் போவதற்கு மட்டும்’ என்று காகிதத்தில் வந்தால், பில்லின் வாலில் ‘ஜி.ஒய்.’ என்ற ஒட்டு ஏறும். சட்டப்படியே இது சேராது என்று அர்த்தம். ஒரு காசு வராது.

ஆகவே மகனையோ மருமகளையோ சற்று வெளியே இருக்கச் சொல்லிவிட்டாவது உள்ளதை உள்ளபடி சொல்லுங்கள். படுக்கையிலிருந்து பாத்ரூம் எத்தனை அடி, எத்தனை அடியில் மூச்சு வாங்குகிறது, இந்த மூன்று மாசத்தில் எத்தனை தடவை விழுந்தீர்கள் என்று எண்ணோடு சொல்லுங்கள். கைத்தடி, வாக்கர், கையால் தள்ளும் வீல்சேர், மூன்று சக்கர ஸ்கூட்டர் என்று படிப்படியாக ஒவ்வொன்றும் ஏன் உதவாது என்பதும் குறிப்பில் வர வேண்டும். கனத்த உடம்பைக் கையால் உருட்டித் தள்ளத் தோளில் பலம் வேண்டும். ‘கும்பவாதம்’ என்று நாங்கள் சொல்லும் தோள்பட்டைப் பிடிப்பு இருந்தால் கையைத் தூக்கவே முடியாதே! இதையும் மறக்காமல் சொல்லுங்கள்.

இப்படி நேரில் பார்த்த பரிசோதனை, நாற்காலிக்கு ஆர்டர் எழுதுவதற்கு முந்தைய ஆறு மாசத்துக்குள் நடந்திருக்க வேண்டும். 2018 செப்டம்பரிலிருந்து கே 0824, கே 0850 உள்ளிட்ட பல எண்களுக்கு முன்அனுமதியும் கட்டாயம். அனுமதி வருவதற்கு முன் நாற்காலி வீட்டுக்கு வந்துவிட்டால் சிக்கல். வாசல் அகலம், பாத்ரூம் கதவு எல்லாவற்றையும் கம்பெனிக்காரர் நேரில் வந்து அளந்து எழுத வேண்டும் என்பதும் விதி.

கையெழுத்துக்கு முன்னால்

இப்போது ஒட்டு எழுத்துகளுக்கு வருவோம். ‘கே.எக்ஸ்.’ இருந்தால், விதிகள் எல்லாம் பூர்த்தி, காகிதம் கைவசம் இருக்கிறது என்று விற்பவர் உறுதி சொல்கிறார். நீங்கள் பார்க்க விரும்பும் எழுத்து இதுதான்.

‘ஜி.ஏ.’ என்று வந்தால் எச்சரிக்கை. ‘மெடிகேர் மறுக்கலாம், மறுத்தால் பணம் நான் தருகிறேன்’ என்று நோயாளி கையெழுத்துப் போட்ட தாள் ஒன்று விற்பவரிடம் இருக்கிறது என்று பொருள். மறுத்துவிட்டால் பொறுப்பு உங்களுடையது. ‘ஜி.இஸட்.’ என்றால், மறுப்பார்கள் என்று விற்பவருக்கே தெரியும், ஆனால் உங்களிடம் கையெழுத்து வாங்கவில்லை. அப்போது நஷ்டம் பொதுவாக அவருடையது. ஓர் எழுத்து வித்தியாசம்தான், முழு நாற்காலியின் விலை இடம் மாறுகிறது!

டெலிவரி நாளில் பத்துத் தாளை நீட்டி, “இங்க, இங்க, இங்க சைன் பண்ணுங்க” என்பார்கள். அதில் இந்தத் தாளும் நடுவில் இருக்கலாம். ஏன் மறுக்கக்கூடும் என்ற காரணமும், உத்தேச விலையும் அதில் எழுதியிருக்க வேண்டும். மூன்று கட்டங்கள் இருக்கும். பொருள் வேண்டும், மெடிகேருக்கும் பில் அனுப்பு என்பது முதல் கட்டம். பொருள் வேண்டும், மெடிகேருக்கு அனுப்பாதே என்பது இரண்டாவது. பொருளே வேண்டாம் என்பது மூன்றாவது. இரண்டாவது கட்டத்தில் டிக் அடித்தால் அப்பீல் செய்யும் வழியும் அடைபடும். பிள்ளைகள் படித்துப் பார்த்த பிறகுதான் பெரியவர்கள் பேனாவைத் தொட வேண்டும்.

மற்ற எழுத்துகள் சுலபம். ‘ஆர்.ஆர்.’ வாடகை, ‘என்.யூ.’ புதுசு, ‘யூ.இ.’ பழசு. கூடுதல் மின் வசதிகள் இல்லாத குரூப் 2 நாற்காலியை 2011லிருந்து மொத்தமாக விலைக்குத் தருவதில்லை. 13 மாசம் வாடகை ஓடிய பிறகு நாற்காலி உங்களுக்கே சொந்தம். முதல் மாசம் ‘கே.ஹெச்.’, அடுத்த இரண்டு மாசம் ‘கே.ஐ.’, நாலாவதிலிருந்து 13 வரை ‘கே.ஜே.’ என்று போடுவார்கள். முதல் மூன்று மாசம் விலையில் 15 சதவீதம் வீதம், பிறகு 6 சதவீதம் வீதம் வாடகை. மெடிகேர் 80 சதவீதம் தரும். வருஷத் தொடக்கத்தில் உங்கள் கைப்பணமாகக் கழியும் தொகை போக, மீதி 20 சதவீதம் உங்கள் பங்கு. “உங்க பங்கும் வேண்டாம், முழுக்க ஃப்ரீ” என்று ஒருவர் போனில் கூவினால் அட்டை எண்ணைச் சொல்லாதீர்கள். எல்லோருக்கும் அப்படித் தள்ளுபடி செய்வது அங்கே சட்டவிரோதம். தனியார் கம்பெனி நடத்தும் மெடிகேர் திட்டத்தில் இருந்தால் அவர்கள் பட்டியலில் உள்ள கடையில்தான் வாங்க வேண்டியிருக்கும். முதலில் கேட்டுக்கொள்ளுங்கள்.

முன்அனுமதி மறுக்கப்பட்டால் குறையைச் சரிசெய்து எத்தனை தடவை வேண்டுமானாலும் திரும்ப அனுப்பலாம். அனுமதி எல்லாம் தாண்டி பில்லே மறுக்கப்பட்டால், அந்தக் கடிதம் கைக்கு வந்த நாளிலிருந்து 120 நாளைக்குள் அப்பீல் செய்ய வேண்டும். கடிதத்தில் மறுப்புக்குக் காரணம் இருக்கும். எடை விட்டுப்போயிருக்கிறதா, வீட்டுக்குள் நிலைமை விட்டுப்போயிருக்கிறதா என்று பாருங்கள். பரிசோதித்த டாக்டரின் அன்றைய குறிப்பு நகலையும், எடை எழுதிய தாளையும் வாங்கி அதோடு இணைத்து அனுப்புங்கள். கடித உறையைத் தூக்கி எறிந்துவிடாதீர்கள், தேதி அதில்தான் இருக்கும்.