கைத்தொழிற் பாகுபாட்டில் மின்னமைப்பு ஒப்பந்தத் தொழில்

பேராதனையிலிருந்து கம்பளை செல்லும் வீதியிலே, கெலிஓயாக் கடைத்தெருவில், மின்சாரப் பொருள் விற்கும் கடையொன்று இருப்பதாகக் கொள்வோம். முன்புறத்தில் மின்குமிழ்களும் விசிறிகளும் விலைக்கு உள்ளன. உடையவரோ பெரும்பாலும் கடையில் இரார். உதவியாளர் இருவருடன் புதிய வீடுகளுக்கு ‘வயரிங்’ செய்யச் சென்றிருப்பார். தொகைமதிப்பு உத்தியோகத்தர் வந்து, “உமது தொழில் யாது?” என வினவினால், “கடை” என்றே அவர் விடை கூறுதல் கூடும். அவ்வொரு சொல்லால் அவருடைய கைவினை நாட்டின் கணக்கிலிருந்து மறைந்துவிடும். அஃது எவ்வாறு என்பதை ஈண்டு ஆராய்வாம்.

தொழில்களை இனம் பிரித்து எண்ணிடுவதற்கு ஐக்கிய நாடுகள் சபை 1948ஆம் ஆண்டில் அனைத்துலக நியமக் கைத்தொழிற் பாகுபாட்டை வகுத்தது. அது பின்னர்ப் பலமுறை திருத்தப்பெற்றது. 2008ஆம் ஆண்டில் நூலாக வெளிவந்த நான்காம் திருத்தத்தைத் தழுவி, எமது தொகைமதிப்பு புள்ளிவிபரத் திணைக்களமும் இலங்கைக்கெனப் பாகுபாடொன்றை அமைத்தது.

இப்பாகுபாடு மரமும் கிளையும் போன்றது. நிர்மாணத் தொழில் முழுவதும் ‘எஃப்’ என்னும் பகுதியாகும். அதன்கண் 43 என்பது சிறப்பு நிர்மாண வேலைகள். 432 என்பது மின்சாரம், நீர்க்குழாய் முதலியவற்றைக் கட்டடத்திற் பொருத்தும் வேலைகள். 4321 என்பது மின்னமைப்பு வேலை. வீட்டுக்கு மின்கம்பி இடுதல், விளக்கமைத்தல், கணினி வலைக்குக் கம்பி இடுதல், தீ எச்சரிக்கை மணி பொருத்துதல், தெருவிளக்கு அமைத்தல் ஆகியன யாவும் இவ்வெண்ணுள் அடங்கும்.

ஆயின், ‘மின்’ என்னும் சொல் வருமிடமெல்லாம் இவ்வெண் வாராது. மின்சாரத்தை உற்பத்தி செய்து வழங்குதல் 3510. நெடுந்தூர மின்தொடர் அமைத்தல் 4220. குளிரூட்டி பொருத்துதல் 4322. விளக்கும் விசிறியும் சில்லறையாக விற்கும் கடை 4759. வீட்டு மின்கருவிகளைத் திருத்துதல் 9522. மின்கம்பி இடுபவர் மின்சாரத்தை ஆக்குபவரல்லர். கட்டடத்தின் ஒரு கூற்றை நிறைவு செய்பவர். ஆதலின் அவர் நிர்மாணத் தொழிலோடு சேர்க்கப்பட்டார்.

இனி, பல வேலை செய்யும் எமது கடைக்கு எந்த எண் உரியது? பெயர்ப்பலகையோ, கைமாறிய மொத்தப் பணமோ இதனைத் தீர்மானிப்பதில்லை. எந்த வேலையால் மிகுந்த பெறுமதி சேர்க்கப்படுகின்றதோ அதுவே தலைமை வேலை. உதாரணமாக, ஓராண்டில் 40 இலட்சம் ரூபாவுக்கு விற்ற பொருள்கள் 34 இலட்சத்துக்கு வாங்கப்பட்டவையாயின், மிஞ்சுவது 6 இலட்சம். வயரிங் ஒப்பந்தங்களால் 15 இலட்சம் வந்து, கம்பி முதலிய பொருட்களுக்கு 5 இலட்சம் சென்றால், மிஞ்சுவது 10 இலட்சம். விற்பனை பெரிதாயினும் அக்கடை 4321இலேயே சேரும். இக்கணக்குக் கிடையாதவிடத்து, எவ்வேலையில் எத்தனைபேர் உழைக்கின்றனர் என்பதும் அளவுகோலாகக் கொள்ளப்படும்.

மற்றொரு வேறுபாடும் உணரற்பாலது. பாகுபடுத்தப்படுவது நிறுவனமேயன்றி மனிதரல்லர். தேயிலைத் தொழிற்சாலையில் மாதச் சம்பளத்துக்கு வேலை செய்யும் மின்வினைஞர், கைத்தொழிற் கணக்கில் அத்தொழிற்சாலையைச் சார்ந்தவரே; அவருடைய கைவினையைக் காட்டுவது தொழில்நிலைப் பாகுபாடு என்னும் வேறொரு பட்டியலாகும்.

இவையெல்லாம் எழுதுவினைஞர்க்கே உரிய நுணுக்கங்கள் எனக் கருதுதல் தவறு. ஆயிரம்பேர் “கடை” என்று விடையிறுத்தால், நாட்டில் வியாபாரம் மிகுந்ததாகவும் நிர்மாணத் தொழில் குறைந்ததாகவும் தோன்றும். மின்வேலை பயிலும் இளைஞர்க்கு எத்தனை இடங்கள் வேண்டுமெனத் திட்டமிடுவோர் அக்கணக்கையே நோக்குவர். பிழைபட்ட விடையின் பயனை எம் மாணாக்கரே அனுபவிப்பர்.

எனினும், எண்ணுக்கு அதன் எல்லையுமுண்டு. 4321 என்பது இன்ன வேலை நடைபெறுகின்றது என்று மட்டுமே கூறும். அது செவ்வனே நடைபெறுகின்றது என்று கூறாது. வீட்டுக்கு மின்கம்பி இடுவிப்போர் ஒப்பந்தக்காரரின் பயிற்சியையும் தகைமைச் சான்றையும் வேறாகக் கேட்டறிதல் வேண்டும். உத்தியோகத்தர் வினவும்போது செய்தொழிலை உள்ளவாறு உரைத்தலோ உடையவரின் கடமையாகும்.