உரக்கப் பேசாத நடிகர்

மயிலாப்பூர் ரசிக ரஞ்சனி சபாவுக்கும் தியாகராய நகர் வாணி மகாலுக்கும் அங்கத்தினர்கள் குடும்பத்தோடு வந்து நாடகம் பார்த்துச் சென்ற அந்தக் காலத்தில், மேடையில் ஒரு தகப்பனார் தோன்றித் தம் வீட்டுக் கவலையை மெல்லப் பேசத் தொடங்கினால், கடைசி வரிசையில் அமர்ந்திருப்பவருக்கும் பக்கத்து வீட்டுக் கூடத்துச் சம்பாஷணை காதில் விழுவது போன்ற பிரமை உண்டாகும். அந்தத் தகப்பனார்தாம் பூர்ணம் விசுவநாதன். தொண்டையை உயர்த்தாமலே ஒரு சபையை வசப்படுத்திய நடிகர்கள் தமிழ் மேடையில் மிகச் சிலரே. அவர்களுள் இவருக்கு முதல் ஸ்தானம் அளிக்க நான் தயங்கமாட்டேன்.

திருநெல்வேலிச் சீமையில் முன்னீர்பள்ளம் என்னும் கிராமத்தில் 1921-ஆம் ஆண்டு நவம்பர் 15-ஆம் தேதி அவர் பிறந்தார். தமிழோடு உறவு கொண்ட குடும்பம் அது. 'முள்ளும் மலரும்' நாவலை எழுதிய உமாசந்திரன், அதாவது பூர்ணம் ராமச்சந்திரன், இவருடைய தமையனார். டில்லி சென்ற விசுவநாதன் வானொலியில் தமிழ்ச் செய்தி வாசிப்பவரானார். 1947 ஆகஸ்ட் 15 அன்று, தேசம் விடுதலை அடைந்த செய்தியைத் தமிழில் வாசித்து அறிவிக்கும் பாக்கியம், இருபத்தைந்து வயது வாலிபராயிருந்த அவருக்கு வாய்த்தது.

அவருடைய நடிப்பின் ரகசியம் அந்த ஒலிபரப்பு அறையிலேயே இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. செய்தி வாசிப்பவருக்கு அபிநயம் செய்யக் கையில்லை, கண்ணில்லை. ழகரமும் ளகரமும் மயங்காத உச்சரிப்பும், எந்தச் சொல்லுக்குப் பின் மூச்சை நிறுத்துவது என்ற விவேகமும், தாம் உணர்ச்சிவசப்படாமல் கேட்பவரை உணரச் செய்யும் நிதானமும் மாத்திரமே அவருக்கு மூலதனம்.

அந்த மூலதனத்துக்கு ஏற்ற இடமாகச் சென்னைச் சபா மேடை அமைந்தது. சிறுவர்களைக் கொண்டு நடத்திய பழைய பாய்ஸ் கம்பெனி நாடகங்களில், ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையின் கோடி வரை குரல் எட்ட வேண்டியிருந்ததால், பாட்டும் உரத்த வசனமும் இன்றியமையாதவையாக இருந்தன. சபா நாடகமோ ஒரு வீட்டுக் கூடம், இரண்டு மணி நேரம், மேலிருந்து தொங்கும் சில ஒலிவாங்கிகள் என்ற அளவில் அடங்கியது. அங்கே ஒரு பெருமூச்சும் கேட்கும். ஆகையால் பொய்யான பெருமூச்சு உடனே பிடிபட்டுவிடும்.

எழுத்தாளர் சுஜாதாவின் நாடகங்களைத் தம் 'பூர்ணம் நியூ தியேட்டர்' குழுவின் மூலம் அவர் மேடையேற்றியபோது, எழுத்தும் குரலும் ஒன்றுக்கொன்று துணையாயின. 'கடவுள் வந்திருந்தார்' நாடகத்தில், உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்ற ஒருவரிடம் எதிர்காலத்திலிருந்து ஒரு மனிதன் வந்து சேர்கிறான். மற்றவர் கண்ணுக்கு அவன் தெரியாததால், பெரியவருக்குச் சித்தப் பிரமை என்றே வீட்டார் முடிவு கட்டுகிறார்கள். வெற்றிடத்தை நோக்கிப் பேசும் அந்தப் பாத்திரத்தை, எதிரே ஓர் ஆள் நிற்கிறான் என்று நாமும் நம்பும்படி நடத்திச் செல்வது சொற்களை அளந்து பேசத் தெரிந்தவருக்கே கூடும். 'ஊஞ்ச'லில் வரும் தகப்பனாரோ, காலம் தம்மைக் கடந்துபோனதை ஏற்க மனமின்றிப் பழைய பெருமையிலேயே ஆடிக்கொண்டிருப்பவர். ஆர்தர் மில்லரின் நாடகத்தில் வரும் விற்பனையாளரை நினைவூட்டும் அந்த மனிதரைப் பரிகாசத்துக்கும் ஆளாக்காமல், வெறும் பரிதாபத்துக்கும் விட்டுவிடாமல், கௌரவத்தோடு நிற்க வைத்தார் அவர்.

மேடையில் கற்ற அந்தச் சிக்கனம் திரையிலும் அவரைக் கைவிடவில்லை. தாமும் சபா மேடையிலிருந்து வந்தவரான இயக்குநர் பாலசந்தர், 1980-இல் வெளிவந்த 'வறுமையின் நிறம் சிவப்பு' படத்தில் அவரைச் சங்கீத வித்துவானான தகப்பனாராக்கினார். டில்லியில் மகன் முடி திருத்தும் கடையில் வேலை பார்ப்பதை அந்தத் தந்தை அறிந்துகொள்ளும் கட்டத்தைக் கண்டவர்கள் மறந்திருக்கமாட்டார்கள். 'புதுப்புது அர்த்தங்க'ளில் சௌகார் ஜானகியோடு முதுமையின் அன்பைக் காட்டினார். 1994-இல் வந்த 'மகாநதி'யில், சிறையிலும் மனம் கசந்து போகாத பஞ்சாபகேசனாக நம் உள்ளத்தில் தங்கினார்.

2008 அக்டோபர் 1-ஆம் தேதி, எண்பத்தாறாம் வயதில் அவர் மறைந்தார். மேடையேற ஆசைப்படும் பிள்ளைகள் அவரிடமிருந்து கற்றுக்கொள்ள விரும்பினால், அதற்குப் பெரிய உபகரணம் ஏதும் வேண்டியதில்லை. தினந்தோறும் காலையில் பத்திரிகைச் செய்தி ஒன்றை, ஒரு சொல்லும் சிதையாமல், வீட்டில் உள்ள மூத்தவர் ஒருவருக்கு வாய்விட்டுப் படித்துக் காட்டட்டும். அந்தப் பெரியவர், "இன்னொரு தடவை சொல்லு" என்று கேட்காத நாள் வரும்போது, பூர்ணம் விசுவநாதன் ஏறி நின்ற மேடையின் முதற்படியில் அவர்களும் கால் வைத்தவர்களாவார்கள்.