ஓர் எண்ணைப் புரட்டினால் ஊர் பிழைக்கும்! தெரியுமா?

கடவுள் விதித்த 70 ஆண்டுத் தண்டனையை, மேல்முறையீடே இல்லாமல் 11 ஆண்டாகக் குறைத்த கில்லாடிகள் இருந்திருக்கிறார்கள், தெரியுமா? கி.மு. 689-இல் அசீரிய மன்னன் சென்னாகெரிப் பாபிலோனை இடித்துத் தரைமட்டமாக்கினான். அந்த ஊர்த் தெய்வம் மார்துக் கோபத்தில் இருக்கிறார், ‘70 ஆண்டு பாழாய்க் கிடக்கட்டும்’ என்று அவரே எழுதிவைத்துவிட்டார் என்பது கணக்கு. சென்னாகெரிப்புக்குப் பின் கி.மு. 681-இல் பட்டத்துக்கு வந்த மகன் எசர்ஹாத்தோனுக்கோ ஊரைக் கட்டியே தீர வேண்டும். தெய்வம் எழுதியதை யார் அழிப்பது?

யாரும் அழிக்கவில்லை, வரிசையைத்தான் மாற்றினார்கள்! களிமண்ணில் ஆணித்தலை போலப் பதிக்கும் அவர்களின் எழுத்தில், செங்குத்தான ஒரு குறிக்கு 1 என்றும் மதிப்பு, 60 என்றும் மதிப்பு. இடத்தைப் பொறுத்தது. கொக்கி போன்ற இன்னொரு குறிக்கு மதிப்பு 10. முதலில் செங்குத்து, பிறகு கொக்கி என்றால் 60-ம் 10-ம் சேர்ந்து 70. கொக்கியை முன்னால் தள்ளிப் பாருங்கள்: 10-ம் 1-ம், ஆக 11! மனம் இரங்கிய மார்துக் தாமே எண்ணைத் தலைகீழாக்கி 11-ஆம் ஆண்டில் ஊரை மீட்கச் சொன்னார் என்று எசர்ஹாத்தோனின் கல்வெட்டுகள் கூசாமல் சொல்கின்றன. பாபிலோன் மறுபடி எழுந்தது, அது கதையல்ல.

இதோ இன்னொன்று. கி.மு. 332. தீர் நகரத்தை மாதக்கணக்கில் முற்றுகையிட்டும் பிடிக்க முடியாமல் அலெக்சாந்தர் திணறிக்கொண்டிருந்தார். ஒரு நாள் கனவில் பாதி ஆடு, பாதி மனிதனான ‘சாத்திரோஸ்’ என்ற வனதேவதை அகப்படாமல் ஆட்டம் காட்டி, கடைசியில் கைக்குச் சிக்கியது. கனவுக்குப் பலன் சொன்னவர் அந்தச் சொல்லைப் பட்டென்று இரண்டாக உடைத்தார். ‘சா தீரோஸ்’. கிரேக்கத்தில் ‘தீர் உனது’ என்று பொருள்! நகரம் விழுந்தது. பின்னாளில் ஃப்ராய்டும் தம் கனவு நூலில் இந்தப் பலனை எடுத்துப் பேசினார்.

அலெக்சாந்தருக்கு ஏறக்குறைய ஆயிரம் ஆண்டு முன்பே எகிப்தில் இதற்குக் கையேடு போட்டுவிட்டார்கள் என்றால் நம்புவீர்களா? இன்று பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கும் ஒரு பாப்பிரஸ் சுருளில் கனவும் பலனும் வரிசையாக உள்ளன, ‘கெட்டது’ என்ற சொல் மட்டும் சிவப்பு மையில். கனவில் கழுதைக் கறி தின்றால்? நல்லது, பதவி உயர்வு! ‘கழுதை’க்கும் ‘பெரியது’க்கும் எகிப்திய மொழியில் ஒரே போன்ற ஒலி, அவ்வளவுதான் காரணம். இந்தத் தர்க்கத்தை இன்றைய அலுவலகங்களில் சோதித்துப் பார்க்க வேண்டாம்.

சீனாவும் ஜப்பானும் இந்த ஒலித் தர்க்கத்தை இன்றுவரை விடவில்லை. ஜப்பானில் 4-இன் ஓர் ஒலி ‘சாவு’, 9-இன் ஓர் ஒலி ‘துன்பம்’. பல மருத்துவமனைகளில் அந்த எண்ணுள்ள அறையே கிடையாது. ‘கிட்கேட்’ சாக்லேட் ‘கிட்டோ கட்சு’ (நிச்சயம் ஜெயிப்பாய்) போல ஒலிப்பதால், பரீட்சைக்குப் போகும் பிள்ளைகள் கையில் அதைத் திணிக்கிறார்கள். சீன மொழியில் 8-இன் ஒலி ‘செழிப்பு’க்குப் பக்கத்தில் நிற்கிறது. 2008-ஆம் ஆண்டு, எட்டாம் மாதம், எட்டாம் தேதி, இரவு 8 மணி: பெய்ஜிங் ஒலிம்பிக் தொடங்கிய நேரம்!

கவனித்தீர்களா? பாபிலோனிலும் தீரிலும் சொல் விளையாட்டு எப்போதும் அரசன் பக்கம்தான். அவன் ஏற்கெனவே முடிவு செய்துவிட்ட காரியத்துக்கு அது முத்திரை குத்தியது. நம் ஊரில் கதையே வேறு. இங்கே சொல் அரசனை மிரட்டியது!

பாட்டுடைத் தலைவனின் பெயருக்கும் நூலின் முதல் சொல்லுக்கும் பொருத்தம் பார்க்கவே தனி இலக்கணம் இருக்கிறது, தெரியுமா? பன்னிரு பாட்டியல், குணவீர பண்டிதரின் வெண்பாப் பாட்டியல் என்று வரிசையாக நூல்கள். மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம் எனப் பத்துப் பொருத்தம், கல்யாணத்துக்குப் பார்க்கிற மாதிரியேதான். இதில் உண்டிப் பொருத்தம் எழுத்துகளையே அமுதம், நஞ்சு என்று பிரிக்கிறது. யா, யோ, ரா, ரோ எல்லாம் நஞ்சுக் கட்சி. அவற்றில் தொடங்கிப் பாடினால் தலைவனுக்கு ஆகாது.

தானப் பொருத்தம்தான் திகில். உயிரெழுத்துகளை அ, இ, உ, எ, ஒ என ஐந்து குடும்பமாக்கி, தலைவன் பெயரின் முதலெழுத்திலிருந்து எண்ணுவார்கள்: பாலன், குமரன், அரசன், மூப்பு, மரணம். தலைவன் பெயர் ‘அழகன்’ என்று வையுங்கள். அ பாலன், இ குமரன், உ அரசன், எ மூப்பு, ஒ மரணம். ‘உலகம்’ என்று எடுத்தால் ராஜயோகம், மங்கலச் சொல் வேறு. ‘ஓங்கு’ என்று வாழ்த்தத் தொடங்கினாலோ ஆளையே முடித்துவிட்டீர்கள்! வாழ்த்துகிறானா வேட்டு வைக்கிறானா என்று புலவனின் முதல் எழுத்திலேயே கண் வைத்திருக்க வேண்டிய நிலை வள்ளலுக்கு. கம்பராமாயணமும் பெரியபுராணமும் திருமுருகாற்றுப்படையும் ‘உலக’த்தில் தொடங்குவது நினைவுக்கு வருகிறதா?

இந்தப் பயத்தின் உச்சிதான் நந்திக் கலம்பகக் கதை. தன்னைக் கொல்லவே அறம் வைத்து (சாவு வரும்படி எழுத்தும் சொல்லும் பொதிந்து) பாடியது என்று தெரிந்தும், தமிழ்ச்சுவைக்காகப் பல்லவ மன்னன் மூன்றாம் நந்திவர்மன் பந்தல் பந்தலாக நகர்ந்து கேட்டு, கடைசிப் பாட்டைச் சிதையில் கிடந்து கேட்டானாம். வரலாறு இதை ஏற்பதில்லை. சிலேடைச் சக்கரவர்த்தி காளமேகம் பாடியதில் திருமலைராயன்பட்டினத்தில் மண்மாரி பொழிந்ததும் அப்படித்தான். ஆனால் எழுத்தைக் கண்டு நடுங்கியவர்கள் இல்லாமல் பத்துப் பொருத்தத்துக்கு இத்தனை நூல் தேவைப்பட்டிருக்காது என்பது என் கட்சி.

எழுத்து உயிரை வாங்குவது நம் ஊர்க் கதைகளில் மட்டுமல்ல. யூதர்களின் களிமண் பொம்மை கோலெம் பற்றிக் கேள்விப்பட்டதுண்டா? நெற்றியில் ‘எமெத்’ (உண்மை) என்று எழுதினால் எழுந்து நடக்கும், முதல் எழுத்தை அழித்தால் ‘மெத்’ (செத்தான்), பொத்தென்று மண். இதைப் பிடித்துக்கொண்டு எழுத்தாளர் டெட் சியாங் 2000-இல் ‘எழுபத்திரண்டு எழுத்துகள்’ என்ற கதையில், சரியான பெயரைப் பொருத்தினால் பொம்மை வேலை செய்யும் ஒரு விக்டோரிய இங்கிலாந்தையே கட்டிவிட்டார். பியர்ஸ் ஆந்தனி 1977-இல் தொடங்கிய, ஸாந்த் என்ற மாய நாட்டு நாவல்களில் சிலேடைதான் இயற்கை விதி. செருப்பு வடிவம் கெடாமல் உள்ளே செருகும் கட்டைக்கு ஆங்கிலத்தில் ‘ஷூ ட்ரீ’ என்று பெயர். ஸாந்தில் அது நிஜ மரம், செருப்பு காய்க்கும்! வாசகர்கள் சிலேடை அனுப்ப, அவர் நன்றி சொல்லி நாவலில் நட்டுவைப்பார். சில பாகங்களில் கடி கொஞ்சம் அதிகம்தான்.

எல்லோரையும் தூக்கிச் சாப்பிட்டவர் ழான்-பியேர் பிரிஸ்ஸே. பிரான்சின் ஆன்ழே ஊரில் ரயில்வே அதிகாரி. இரண்டு சொற்றொடர் ஒன்றுபோல் ஒலித்தால் அவற்றின் பொருளும் ஒன்றோடொன்று உறவு என்று அடித்துச் சொன்னார். பிரெஞ்சில் ‘லோஜே’ என்றால் குடியிருப்பது. பிரித்தால் ‘லோ ஜே’, ‘நீர் என்னிடம்’. ஆகவே நம் முன்னோர் குடியிருந்தது நீரில், ஆகவே மனிதன் தவளையிலிருந்து வந்தவன்! தவளைச் சத்தமே பிரெஞ்சின் ‘குவா?’ (என்ன?) ஆயிற்றாம். 1913-இல் எழுத்தாளர் ழூல் ரொமேன் கூட்டாளிகளோடு ஒரு கேலித் தேர்தல் நடத்தி அவரைச் ‘சிந்தனையாளர்களின் இளவரசர்’ ஆக்கினார். 75 வயதுக் கிழவர் அதை நிஜம் என்றே நம்பிப் பாரிசுக்கு வந்து, அப்போது பாந்தியோன் முன்னால் நின்றிருந்த ரோடேனின் ‘சிந்தனையாளன்’ சிலையருகே உரையாற்றிவிட்டும் போனார். கேலியாகச் சூட்டிய பட்டம் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 1940-இல் ஆந்த்ரே பிரெத்தோன் தம் கறுப்பு நகைச்சுவைத் தொகுப்பில் அவருக்கு மரியாதையாக ஓர் இடம் ஒதுக்கினார்.