கோல் ஊன்ற நிலமில்லாத வெளியிலே

வடமராட்சியின் மேற்கு ஓரத்தில், கடல்நீரேரி பாக்கு நீரிணையோடு கலக்கும் வாயிலில் அமைந்தது தொண்டைமானாறு. கரணவாய்ப் பகுதியின் உப்பை மரக்கலங்களில் ஏற்றிச் செல்வதற்காகத் தொண்டைமான் என்னும் சோழர் படைத்தலைவன் இவ்வாற்றை ஆழமாக வெட்டுவித்தான் என்பது வழிவழியாக வரும் ஐதிகம். இன்று செல்வச்சந்நிதி முருகனைத் தரிசிக்க வருவோர் ஆற்றங்கரையில் சற்றே நின்று நோக்குவாராயின், ஒருபுறம் தடுப்பணைக்கு உட்பட்ட ஆழமற்ற ஏரி நீரையும், மறுபுறம் பரந்த கடலையும் காண்பர்.

யாழ்ப்பாணத்துக் கடல்நீரேரிகளிலே வள்ளம் செலுத்துவோர் நீண்ட கோலை அடிநிலத்தில் ஊன்றித் தள்ளுவர். கடலிலே கோல் நிலத்தை எட்டாது. ஆகவே, துடுப்பினாலோ இயந்திரத்தினாலோ நீரைத் தள்ளுவர். சரி, அதற்கும் அப்பால், நம் தலைக்கு மேலே உள்ள விண்வெளியில்? அங்கே ஊன்றுவதற்கு நிலமும் இல்லை, தள்ளுவதற்கு நீரும் இல்லை, காற்றும் இல்லை. அங்கே செல்லும் கலம் எதைத் தள்ளி நகர்கின்றது?

இவ்வினாவுக்கு விடை தருவனவே ஆங்கிலத்தில் 'திரஸ்டர்' என்று வழங்கும் உந்துகருவிகள். கப்பலுக்கும் விண்கலத்துக்கும் பொதுவான இக்கருவிகளைப் பற்றிச் சிறிது ஆராய்வோம்.

தாக்கமும் மறுதாக்கமும்

ஒவ்வொரு தாக்கத்துக்கும் அதற்குச் சமமானதும் எதிரானதுமான மறுதாக்கம் உண்டு என்பது நியூற்றன் 1687ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலிற் கூறிய மூன்றாம் விதி. கோலினால் நிலத்தைப் பின்னே தள்ளினால் நிலம் வள்ளத்தை முன்னே தள்ளுகின்றது. துடுப்பினால் நீரைப் பின்னே தள்ளினால் நீர் வள்ளத்தை முன்னே தள்ளுகின்றது. கோலும் துடுப்பும் இல்லாத ஒருவர் வள்ளத்திலுள்ள கற்களை ஒவ்வொன்றாகப் பின்புறம் விசையோடு எறிந்தாலும் வள்ளம் முன்னே நகரத்தான் செய்யும். இந்த மூன்றாவது வழியே விண்கலத்தின் வழி.

நம் கடலிற் கிடைக்கும் கணவாய்க்கு இவ்வித்தை பிறவியிலேயே வாய்த்தது. உடலுக்குள் நீரை உறிஞ்சி, குழாய் போன்ற சிறிய உறுப்பின் வழியே அதனைப் பீறிட்டு வெளியேற்றி, எதிர்த்திசையில் அது பாய்கின்றது. அக்குழாயை வேண்டிய பக்கம் திருப்பித் தன் திசையையும் மாற்றிக்கொள்கின்றது.

இங்கே மாணவர்கள் ஒன்றைக் கருத்தில் இருத்துதல் வேண்டும். கிடைக்கும் உந்துதல், எறியப்படும் பொருளின் திணிவையும் எறியும் வேகத்தையும் பொறுத்தது. மிகுந்த பொருளை மெதுவாகத் தள்ளலாம். அல்லது சிறிதளவு பொருளை மிகுந்த வேகத்தோடு எறியலாம். கப்பலைச் சுற்றிக் கடல் முழுவதும் இலவசமாகக் கிடக்கின்றது. எனவே அதன் சுழல்விசிறி பெருமளவு நீரை மெதுவாகத் தள்ளுகின்றது. விண்கலமோ எறியவேண்டிய பொருள் முழுவதையும் வீட்டிலிருந்தே கட்டிக்கொண்டு போகவேண்டிய வழிப்போக்கனுக்கு ஒப்பானது. ஆகவே அது சிறிதளவை மிக வேகமாக எறிகின்றது. இவ்விருவகைக் கருவிகளின் வேறுபாடுகள் பெரும்பாலும் இந்த ஓர் உண்மையிலிருந்தே கிளைக்கின்றன.

சுக்கான் செய்ய இயலாத வேலை

வல்வெட்டித்துறையிலே கட்டப்பெற்ற 'அன்னபூரணி' என்னும் பாய்க்கப்பல் 1938ஆம் ஆண்டில் அமெரிக்காவின் குளொஸ்டர் துறைமுகத்தை அடைந்த வரலாறு நம்மவர் அறிந்ததே. பெருங்கடல்களைக் கடக்கப் பாயும் சுக்கானும் போதும். ஆனால் துறைமுகத்தின் குறுகிய இடத்திலே பக்கவாட்டாக நகர்ந்து கரையை அணைவது பாய்க்கப்பலுக்கு அரிய காரியம். கயிறு கட்டி இழுத்தலும், படகுகளின் துணையும் வேண்டியிருந்தன.

காரணம் எளிது. சுக்கான் என்பது ஓடும் நீரைத் திசைதிருப்பும் ஒரு பலகை. கப்பல் ஓடினாற்றான் அதற்கு வலிமை உண்டு. கப்பல் நின்றுவிட்டால் அது வெறும் பலகையே. இக்குறையைத் தீர்க்கவே பெரிய கப்பல்களின் அணியத்தில், நீர்மட்டத்துக்குக் கீழே, இடப்பக்கத்திலிருந்து வலப்பக்கம் வரை ஊடுருவிச் செல்லும் ஒரு குழாயை அமைத்து, அதனுள்ளே ஒரு சுழல்விசிறியைப் பொருத்துகின்றனர். விசிறி நீரை இடப்புறம் தள்ளினால் கப்பலின் முகம் வலப்புறம் திரும்பும். எதிராகச் சுழன்றால் எதிர்ப்புறம் திரும்பும்.

வேறொரு வகையும் உண்டு. நம் மீனவர் படகின் பின்புறத்தில் மாட்டும் வெளியிணைப்பு இயந்திரத்தைப் பாருங்கள். அதற்குத் தனியே சுக்கான் இல்லை. கைப்பிடியைத் திருப்பினால் இயந்திரமே திரும்பி, நீரைத் தள்ளும் திசை மாறுகின்றது. இதே தத்துவத்தில், கப்பலின் அடியிலே முழுவட்டமும் சுழலக்கூடிய பேருந்துகருவிகள் இன்று பொருத்தப்படுகின்றன. 1961ஆம் ஆண்டில் மெக்சிக்கோவுக்கு அப்பாலுள்ள கடலில், 3,500 மீற்றருக்கு மேற்பட்ட ஆழத்தில், 'கஸ் வன்' என்னும் கப்பல் நங்கூரமின்றி நான்கு உந்துகருவிகளின் துணையாலேயே ஒரே இடத்தில் நின்று கடலடியைத் துளையிட்டது. அன்று அவற்றை மனிதர் கையால் இயக்கினர். இன்று அவ்வேலையைக் கணினி செய்கின்றது.

கொழும்புக்குப் புறப்பட்ட கப்பல்

உந்துகருவிக்கும் ஓர் எல்லை உண்டு. கப்பல் விரைந்து செல்லும்போது, குழாயிலிருந்து வெளிப்படும் நீர் கப்பலைத் திருப்புமுன் பின்னே அடித்துச் செல்லப்படும். ஆக, ஓடுங் கப்பலுக்குச் சுக்கான். ஊருங் கப்பலுக்கு உந்துகருவி.

இரண்டும் கைவிட்டால் நேர்வது யாது? 2024ஆம் ஆண்டு மார்ச் 26ஆந் திகதி அதிகாலையில், ஏறத்தாழ 300 மீற்றர் நீளமான 'டாலி' என்னும் சரக்குக் கப்பல் அமெரிக்காவின் பால்ரிமோர் துறைமுகத்திலிருந்து நம் கொழும்பை நோக்கிப் புறப்பட்டது. சிறிது தூரத்திலேயே மின்சாரம் அறுந்தது. பிரதான இயந்திரம் நின்றது. விசிறியின் நீரோட்டம் இன்றிச் சுக்கான் வலிமை குன்றியது. அணியத்து உந்துகருவியும் மின்சாரமின்றி உறங்கியது. அது இயங்கியிருந்தாலும், மணிக்குப் பத்துக் கிலோமீற்றருக்கு மேற்பட்ட அந்த வேகத்தில் பெரும்பயன் தந்திராது. கப்பல் பாலத்தின் தூணில் மோதியது. பாலத்தின்மேல் வீதியைச் செப்பனிட்டுக்கொண்டிருந்த தொழிலாளருள் அறுவர் மாண்டனர்.

உராய்வற்ற வெளி

இனி மேலே செல்வோம். காற்றே இல்லாத வெளியில் றொக்கெற் எதைத் தள்ளும் என்ற ஐயம் கற்றோருக்கும் இருந்தது. 1920ஆம் ஆண்டில் 'நியூயோர்க் ரைம்ஸ்' பத்திரிகை இக்காரணங் காட்டி, றொக்கெற் அறிஞர் கொடார்ட்டை ஏளனஞ் செய்தது. மனிதர் சந்திரனை நோக்கிச் சென்றுகொண்டிருந்த 1969ஆம் ஆண்டு யூலை 17ஆந் திகதி அப்பத்திரிகை தன் கூற்றைத் திருத்திக்கொண்டது. றொக்கெற் வெளிக்காற்றைத் தள்ளுவதில்லை. தான் சுமந்து சென்ற எரிபொருளை வாயுவாக்கி எறிகின்றது. கல்லெறிந்து நகரும் வள்ளத்தின் கதையே அதுவும்.

விண்வெளியில் வேறொரு வினோதமும் உண்டு. கடலிலே கப்பல் திரும்பத் தொடங்கினால், நீரின் உராய்வு அதனை மெல்ல நிறுத்திவிடும். விண்ணில் அவ்வாறு நிறுத்துவார் எவருமிலர். ஒருமுறை ஊதித் திருப்பினால், மறுமுறை எதிராக ஊதி நிறுத்தவேண்டும். 1966ஆம் ஆண்டு மார்ச் 16ஆந் திகதி 'ஜெமினி 8' கலத்தில் சென்ற நீல் ஆம்ஸ்ட்ரோங்கும் டேவிட் ஸ்கொட்டும் இதன் கொடுமையை அனுபவித்தனர். சிறியதோர் உந்துகருவி மூடாமல் ஊதிக்கொண்டேயிருந்தது. கலம் செக்கனுக்கு ஏறத்தாழ ஒரு சுற்றாகச் சுழன்றது. இருவரும் மயங்கும் நிலையில், ஆம்ஸ்ட்ரோங் அத்தொகுதியை அணைத்து, பூமிக்குத் திரும்புவதற்கென ஒதுக்கப்பட்டிருந்த வேறு உந்துகருவிகளால் சுழற்சியை அடக்கினார். பயணம் இடையில் முடிந்தது, உயிர்கள் தப்பின.

செவ்வாயும் சந்திரனும்

இந்தியாவின் 'மங்கள்யான்' 2013ஆம் ஆண்டு நவம்பர் 5ஆந் திகதி ஏவப்பட்டது. திருநெல்வேலி மாவட்டத்தவராகிய சுப்பையா அருணன் அத்திட்டத்தின் இயக்குநர். புறப்படும்போது கலத்தின் திணிவு 1,337 கிலோகிராம். அதில் 852 கிலோகிராம் எரிபொருளும் அதனை எரிக்கும் திரவமுமே! இவ்விரு திரவங்களும் ஒன்றையொன்று தொட்ட மாத்திரத்தில் தீப்பற்றும், தீக்குச்சி வேண்டுவதில்லை. இத்தகைய இயந்திரங்களைச் சோதிக்கும் பெருங்கூடம் நெல்லைச் சீமையின் மகேந்திரகிரியில் உள்ளது.

கலத்தின் பெரிய இயந்திரம் 440 நியூற்றன் விசையுடையது. அதாவது பூமியில் 45 கிலோகிராம் கொண்ட மூட்டையின் பாரத்துக்கு ஒப்பானது. அதனோடு 22 நியூற்றன் விசையுள்ள எட்டுச் சிறிய உந்துகருவிகள் இருந்தன. செவ்வாய்க்குச் செல்லும் வழியில் பெரிய இயந்திரம் ஏறத்தாழ 300 நாள்கள் உறங்கிக் கிடந்தது. அது விழிக்குமோ என்பதே அனைவரது அச்சமும். விழிக்காவிடின், எட்டுச் சிறு கருவிகளைக் கொண்டே இயன்றவரை கலத்தைக் காப்பதெனத் திட்டமிட்டிருந்தனர். 2014ஆம் ஆண்டு செப்ரெம்பர் 22இல் நான்கு செக்கன் சோதனை வெற்றியாயிற்று. 24ஆந் திகதி பெரியதும் சிறியனவும் ஒருங்கே ஏறத்தாழ 23 நிமிடம் எரிந்து, கலத்தின் வேகத்தைச் செக்கனுக்கு 1,099 மீற்றர் குறைத்தன. கலம் செவ்வாயின் பிடிக்குள் அமைந்தது.

உந்துதல் குறைந்தாற்றான் ஆபத்து என எண்ணற்க. மிகுந்தாலும் ஆபத்தே. 2019ஆம் ஆண்டு செப்ரெம்பரில் சந்திரயான் 2இன் இறங்குகலம் நிலவில் மோதி அழிந்தது. அதன் ஐந்து இயந்திரங்களும் எதிர்பார்த்ததினும் சற்று மிகுதியாக உந்தியதையும், அதனாற் பிழைகள் சேர்ந்துகொண்டே சென்றதையும், அவற்றைத் திருத்தப் போதிய விரைவோடு கலம் திரும்ப இயலாதிருந்ததையும் இந்திய விண்வெளி ஆய்வு நிறுவனம் பின்னர் விளக்கியது. விழுப்புரத்தைச் சேர்ந்த வீரமுத்துவேல் இயக்குநராக இருந்த சந்திரயான் 3இல் நான்கு பெரிய இயந்திரங்களும், 58 நியூற்றன் விசையுள்ள எட்டுச் சிறு கருவிகளும் அமைந்தன. 2023ஆம் ஆண்டு ஓகஸ்ட் 23ஆந் திகதி அது நிலவில் மெத்தென இறங்கியது.

சிக்கனமே ஆயுள்

சுமந்து செல்வது குறையவேண்டுமாயின், எறியும் வேகம் கூடவேண்டும் அன்றோ? இவ்வெண்ணத்திற் பிறந்தவையே மின் உந்துகருவிகள். செனன் வாயுவின் அணுக்களுக்கு மின்னேற்றம் தந்து, மின்புலத்தால் செக்கனுக்கு ஏறத்தாழ 30 கிலோமீற்றர் வேகத்தில் அவை எறியப்படுகின்றன. இது சாதாரண எரிவாயுவின் வேகத்திலும் ஏறத்தாழப் பத்து மடங்கு. ஆனால் கிடைக்கும் உந்துதலோ, உள்ளங்கையில் வைத்த ஓரிரு காகிதத் தாளின் பாரமே! ஆயினும், தடுப்பார் இல்லாத வெளியில் மாதக்கணக்காகத் தள்ளினால் அச்சிறு விசையும் பெருவேகம் தரும். 2007இல் புறப்பட்ட அமெரிக்காவின் 'டோன்' கலம் இவ்வழியே வெஸ்ரா, சீரிஸ் என்னும் இரு சிறுகோள்களையும் வலம் வந்தது. நம் நாடு உட்பட அயல்நாடுகளின் பயனுக்கென இந்தியா 2017இல் ஏவிய தென்னாசியச் செய்மதியிலும் இவ்வகைக் கருவி உண்டு.

1977இல் புறப்பட்ட 'வொயேஜர் 1' கலத்தின் கதை இன்னும் வியப்பானது. அதன் ஒரு தொகுதி உந்துகருவிகள் 1980இன் பின் இயக்கப்படவேயில்லை. ஏனையவை தேய்ந்தமையால் 2017ஆம் ஆண்டு நவம்பரில் அவற்றுக்குக் கட்டளை அனுப்பினர். அவை இயங்கின என்ற செய்தி பூமியை வந்தடையவே 19 மணித்தியாலம் 35 நிமிடம் ஆயிற்று. முப்பத்தேழு ஆண்டுத் துயிலுக்குப் பின் அவை விழித்துக்கொண்டன!

இக்கலங்களின் ஆயுளை அளப்பது ஆண்டுக்கணக்கன்று, தொட்டியின் கணக்கு. டோன் 2018இல் ஓய்ந்தது. திசைதிருப்பும் எரிபொருள் தீர்ந்தமையே காரணம். ஆறு மாதத்துக்கெனத் திட்டமிட்ட மங்கள்யான் எட்டாண்டு உழைத்து, 2022இல் மௌனமாயிற்று. அதன் எரிபொருளும் தீர்ந்திருக்கவேண்டும் என்றே அறிஞர் கருதினர். இரண்டிலும் ஒரு கருத்து விளங்குகின்றது: சூரிய ஒளியிருந்தும், முகத்தை வேண்டிய திசையில் திருப்ப ஒரு சிறு ஊதல் இல்லையேல் கலம் பேச்சிழக்கும்.

மாணவ மணிகளே! ஒரு பலூனை ஊதி, முடிச்சிடாமல் கைவிடுங்கள். அது அறையெங்கும் தாறுமாறாகப் பாயும். பின்னர், ஒரு நூலைக் கட்டி, அதிற் கோத்த சிறு குழாயோடு பலூனை ஒட்டி விடுங்கள். நேரே ஓடும். இரண்டு முறையும் காற்று ஒன்றே, விசையும் ஒன்றே. வேறுபாடு, அதனை நெறிப்படுத்தியதில் மட்டுமே உள்ளது. விண்ணிலே அந்த நூலின் வேலையைச் செய்பவை உந்துகருவிகளே.