வெடி வைத்த ஊரே தெருவுக்குப் பெயர் வைத்தது!

சிகாகோவின் "ஹவுஸ்" இசை மன்னர் பிரான்கி நக்கிள்ஸ் கதை

1979 ஜூலை 12. அமெரிக்காவின் சிகாகோ நகரில் கோமிஸ்கி பார்க் பேஸ்பால் மைதானம். அன்று அடுத்தடுத்து இரண்டு ஆட்டங்கள். டிஸ்கோ இசைத்தட்டு ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தால் டிக்கெட் வெறும் 98 சென்ட். ஒரு டாலர்கூட இல்லை!

டிஸ்கோவைக் கண்டாலே ஆகாத ரேடியோ அறிவிப்பாளர் ஒருவரின் ஏற்பாடு இது. கூட்டம் என்றால் கூட்டம், அப்படி ஒரு கூட்டம்! சுமார் 50 ஆயிரம் பேர். முதல் ஆட்டம் முடிந்ததும் தட்டுகளைப் பெட்டியில் குவித்து, மைதானத்தில் வைத்து வெடித்தார்கள். டமார்! "டிஸ்கோ ஒழிக!" என்ற கூச்சலுடன் ஆயிரக்கணக்கானோர் உள்ளே குதித்தனர். போலீசார் விரைந்து வந்து கூட்டத்தைக் கலைத்தனர். பலர் கைதானார்கள். புல்தரை பாழானது. இரண்டாவது ஆட்டம் நடக்கவே இல்லை.

அதே ஊரில், அந்த மைதானத்திலிருந்து சில மைல் தூரத்தில், ஒரு பழைய கட்டிடம். அங்கே சனிக்கிழமை இரவுகளில் அதே டிஸ்கோ தட்டுகளைச் சுழற்றி, விடிய விடிய ஜனங்களை ஆட வைத்துக்கொண்டிருந்தார் 24 வயது கறுப்பின வாலிபர் ஒருவர்.

அவர்தான் பிரான்கி நக்கிள்ஸ். சரியாக 25 ஆண்டுகள் கழித்து, அதே சிகாகோ நகரம் ஒரு தெருவுக்கு அவர் பெயரை வைத்தது!

நண்பர் மறுத்த வேலை

பிரான்கிக்கு சொந்த ஊர் சிகாகோ அல்ல. 1955 ஜனவரி 18-ந் தேதி நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் பிறந்தவர். இயற்பெயர் பிரான்சிஸ் நிக்கல்ஸ். படித்தது ஜவுளி டிசைன். ஆனால் மனசு முழுக்க நடன கிளப்பில். லாரி லெவான் என்ற சிநேகிதரும் இவரும் சேர்ந்து கிளப் கிளப்பாகச் சுற்றி, அப்படியே டி.ஜே. ஆனார்கள்.

டி.ஜே. பாடுவதில்லை, வாத்தியம் வாசிப்பதும் இல்லை. அவர் முன்னால் இரண்டு தட்டுகள் சுழலும். ஒரு பாட்டு முடிவதற்குள் அடுத்த பாட்டின் தாளத்தை அதோடு இழைத்துவிட வேண்டும். ஆடுகிறவன் கால் ஒரு நொடிகூட நிற்கக்கூடாது. கேட்க சுலபம். செய்து பார்த்தால்தான் தெரியும்!

1977-ல் ராபர்ட் வில்லியம்ஸ் என்பவர் சிகாகோவில் ஒரு கிளப் தொடங்கினார். முதலில் அழைத்தது லெவானைத்தான். அவர் நியூயார்க்கை விட்டு வர மறுத்துவிட்டார். வாய்ப்பு பிரான்கிக்கு வந்தது. பெட்டியைக் கட்டினார், புறப்பட்டார்.

தெற்கு ஜெபர்சன் தெரு, 206-ம் எண். தொழிற்கூடமாக இருந்து காலியான மூன்று மாடிக் கட்டிடம். கிளப்புக்குப் பெயர் "வேர்ஹவுஸ்". அதாவது கிடங்கு! மது கிடையாது, பழரசம்தான். சனிக்கிழமை ராத்திரி தொடங்கும் ஆட்டம், ஞாயிறு பகல் வரை ஓயாது.

வந்தவர்களில் பெரும்பாலோர் கறுப்பின, லத்தீன் இன வாலிபர்கள். ஓரின ஈர்ப்பு கொண்டவர்கள் பலர். பிரான்கியும் அதை மறைக்காதவர். மற்ற இடங்களில் வாசலிலேயே முகம் சுளித்துத் திருப்பி அனுப்பப்பட்டவர்களுக்கு இங்கே கதவு திறந்திருந்தது. மைதானத்தில் தட்டுகள் வெடித்தபோது, "இது பாட்டின் மேல் உள்ள கோபம் மட்டும்தானா? நம் மேல் உள்ள கோபமா?" என்ற கேள்வி இவர்களுக்குத்தான் சுருக்கென்று தைத்தது.

பிளேடும் டேப்பும்

வெடி வெடித்த கையோடு டிஸ்கோ மார்க்கெட்டும் சரிந்தது. பெரிய கம்பெனிகள் டிஸ்கோவைக் கைகழுவின. புதுத் தட்டுகள் வருவது குறைந்தது. ஆனால் சனிக்கிழமை வந்தால் ஜனம் வந்து நிற்கிறதே! பிரான்கி என்ன செய்வார்?

பழைய தட்டுகளையே எடுத்தார். ஒலிப்பதிவு படித்துக்கொண்டிருந்த ஒரு நண்பரைத் துணைக்குச் சேர்த்துக்கொண்டார். பாட்டை ஸ்பூல் டேப்பில் பதிவு செய்வது. எந்த இடத்தில் கூட்டம் துள்ளுகிறதோ, அந்தத் துண்டை மறுபடி மறுபடி பதிவு செய்வது. பிளேடால் வெட்டி, வரிசையாக ஒட்டுவது. பாட்டில் சில நொடிகளே வந்த மத்தள அடி, இப்போது நிமிஷக்கணக்கில் ஓடியது. அடியில் கனமான தாளத்தைக் கூட்டினார். தம், தம், தம், தம் என்று நிமிஷத்துக்கு சுமார் 120 அடி. ஊரே கேட்டுச் சலித்த பாட்டு, புதுப்பாட்டாக எழுந்து நின்றது!

இன்னொரு வேடிக்கையும் செய்வார். திடீரென்று விளக்கெல்லாம் அணையும். இருட்டில், ஒரு பக்கத்து ஸ்பீக்கரிலிருந்து மறுபக்கத்துக்கு எக்ஸ்பிரஸ் ரெயில் தடதடவென்று பாய்ந்து வரும் ஓசை! சுவரை உடைத்துக்கொண்டு ரெயில் வந்துவிட்டதோ என்று கூட்டம் அலறும். அடுத்த நொடி தாளம் விழும். அலறியவர்கள் ஆடுவார்கள்.

பெயர் வந்த கதை

"வேர்ஹவுஸில் போட்டார்களே, அந்தப் பாட்டு இருக்கா?" என்று இசைத்தட்டுக் கடைகளுக்கு ஆள் மேல் ஆள் வந்தது. கடைக்காரர்கள் பார்த்தார்கள். "வேர்ஹவுஸில் கேட்டது" என்று சீட்டு எழுதி ஒட்டி, தட்டுகளைத் தனியாக அடுக்கினார்கள். நாளாக நாளாகப் பெயர் சுருங்கியது. வேர்ஹவுஸ், வெறும் "ஹவுஸ்" ஆனது. இன்று உலகம் முழுக்கச் சொல்லும் "ஹவுஸ் மியூசிக்" என்ற பெயர் இப்படித்தான், கடைக்காரர் ஒட்டிய சீட்டிலிருந்து பிறந்தது என்கிறார்கள்!

விலை போகாத மிஷின்

1982 கடைசியில் வேர்ஹவுஸை விட்டு விலகிய பிரான்கி, "பவர் பிளாண்ட்" என்ற சொந்த கிளப் தொடங்கினார். வில்லியம்ஸ் சும்மா இருப்பாரா? ரான் ஹார்டி என்ற டி.ஜே.யை வைத்து "மியூசிக் பாக்ஸ்" நடத்தினார். போட்டி சூடு பிடித்தது. லாபம் ஊர்ப் பையன்களுக்கு! வீட்டில் செய்த பாட்டை டேப்பில் கொண்டுபோய்க் கொடுப்பார்கள். அன்று ராத்திரியே கூட்டம் ஆடுகிறதா, விலகுகிறதா என்று தெரிந்துவிடும்.

ஜப்பானின் ரோலண்ட் கம்பெனி 1983-ல் "டி.ஆர். 909" என்ற தாள மிஷினைக் கொண்டுவந்தது. அசல் டிரம்ஸ் போல ஒலிக்கவில்லை என்று வாங்குவோர் ஒதுக்கினர். 1985-க்குள் தயாரிப்பே நின்றது. பழைய சாமான் கடைக்குப் போய்ச் சேர்ந்த அந்த மிஷினை டெட்ராய்ட் நகரின் டெரிக் மே என்ற இளைஞர் பிரான்கிக்கு விற்றார். கம்பெனிக்கு நஷ்டமான அதே "தம், தம்" ஓசைதான் ஹவுஸ் இசையின் நாடித்துடிப்பு ஆனது!

ஜேமி பிரின்சிபல் என்ற பாடகருடன் சேர்ந்து பிரான்கி உருவாக்கிய "யுவர் லவ்", தட்டாக வருவதற்கு முன்பே டேப்பில் ஊர் சுற்றியது. 1987 ஜனவரியில் சிகாகோ கலைஞர் ஸ்டீவ் ஹர்லியின் "ஜாக் யுவர் பாடி" பிரிட்டனில் முதல் இடத்தைப் பிடித்தது. உள்ளூர்ச் சரக்கு கடல் தாண்டிவிட்டது. அதே ஆண்டு பிரான்கியும் லண்டன் சென்று தட்டு சுழற்றினார்.

பிறகு நியூயார்க் திரும்பி, டேவிட் மொராலஸுடன் "டெப் மிக்ஸ்" குழுவில் சேர்ந்தார். மைக்கேல் ஜாக்சன், டயானா ராஸ், சாக்கா கான் என்று பெரிய பெரிய பாடகர்களின் பாட்டுகள் இவர் கைக்கு வந்தன. 1991-ல் "தி விசில் சாங்" சக்கைப்போடு போட்டது. 1998 கிராமி விழாவில், சிறந்த ரீமிக்ஸ் கலைஞருக்கான விருது முதல் முறையாக வழங்கப்பட்டது. வாங்கியவர் பிரான்கி!

ஹவுஸ் என்பது "டிஸ்கோவின் பழிவாங்கல்" என்று அவர் சொன்னதுண்டு. பழிவாங்கல்தான். ஆனால் யாருக்கும் ஒரு கீறல் விழவில்லை. வெடி வைத்தவர்களின் பிள்ளைகளும் சேர்ந்து ஆடினார்கள், அவ்வளவுதான்.

பாதம் போனது, பாட்டு நிற்கவில்லை

2004 ஆகஸ்ட் 25-ந் தேதி, பழைய வேர்ஹவுஸ் கட்டிடம் இருக்கும் ஜெபர்சன் தெருவின் ஒரு பகுதிக்கு "பிரான்கி நக்கிள்ஸ் வே" என்று பலகை மாட்டியது சிகாகோ. அப்போது மாநில செனட்டராக இருந்த பராக் ஒபாமா இதற்குத் துணை நின்றார்.

ஆனால் உடம்பு ஒத்துழைக்கவில்லை. சர்க்கரை வியாதி. பனிச்சறுக்கில் பாதத்தில் எலும்பு முறிந்து, புண் எலும்புக்குள் இறங்கியது. "ஓய்வெடுத்துச் சிகிச்சை செய்துகொள்ளுங்கள்" என்றார்கள். நிகழ்ச்சிகளை விட மனசில்லை. கடைசியில் பாதத்தையே எடுக்க வேண்டி வந்தது. அதன் பிறகும் ஊர் ஊராகப் போனார். விடிய விடிய நின்று செய்யும் வேலையை, பாதம் போன பிறகும் செய்தார்!

2014 மார்ச் 31-ந் தேதி சிகாகோவில் காலமானார். வயது 59. அப்போது ஜனாதிபதியாக இருந்த ஒபாமாவும் மனைவி மிஷேலும் அனுதாபக் கடிதம் அனுப்பினார்கள்.

கட்டிடம் பிழைத்தது

ஜெபர்சன் தெருக் கட்டிடம் கை மாறியபோது, "இடித்துவிடுவார்களோ" என்ற பயம் கிளம்பியது. ஆயிரக்கணக்கானோர் கையெழுத்துப் போட்டு மனு கொடுத்தனர். 2023 ஜூனில் அதை நகரின் பாதுகாக்கப்பட்ட நினைவுச் சின்னமாக அறிவித்தது சிகாகோ நகரசபை. இனி யாரும் அதைச் சுலபத்தில் தொட முடியாது.

சரி, பிரான்கியின் இசைத்தட்டுகள் என்ன ஆயின? சிகாகோவின் தெற்குப் பகுதியில் ஒரு பழைய பேங்க் கட்டிடம். பல வருஷம் பூட்டிக் கிடந்து, இடிப்பதற்கு இருந்தது. தியாஸ்டர் கேட்ஸ் என்ற கலைஞர் அதை ஒரே ஒரு டாலருக்கு நகராட்சியிடம் வாங்கி, புதுப்பித்து, 2015-ல் கலைக்கூடமாகத் திறந்தார். பிரான்கி சேர்த்து வைத்த ஆயிரக்கணக்கான தட்டுகள் போய்ச் சேர்ந்த இடம் அதுதான்.

98 சென்ட் டிக்கெட்டுக்காக ஒரு காலத்தில் வெடியில் வீசிய அதே டிஸ்கோ தட்டுகள், இப்போது பேங்க் கட்டிடத்துக்குள் பத்திரமாக இருக்கின்றன!