சக்கர நாற்காலியில் கேமரா: ரவுல் கூத்தார் (1924–2016)

தண்டவாளம் போட்டு எடுக்கக் காசில்லை. 1959 கோடையில், பாரிஸில் கொதாரின் ‘பிரெத்லெஸ்’ படப்பிடிப்பு. கூத்தார் கேமராவைக் கையில் ஏந்தியபடி சக்கர நாற்காலியில் உட்கார, இயக்குநரே தள்ளினார். தெருக்காட்சிக்குத் தபால் வண்டிக்குள் ஒளிந்துகொண்டு, ஓட்டை வழியே எடுத்தார். வழிப்போக்கர்கள் திரும்பிப் பார்க்கக் கூடாதே!

இரவில் சினிமாச் சுருளின் வேகம் போதவில்லை. புகைப்படத்துக்கான இல்ஃபோர்டு எச்.பி.எஸ். சுருள்களை, ஒவ்வொன்றும் 17.5 மீட்டர், ஒட்டி ஒட்டிப் பயன்படுத்தினார்கள். இந்தோசீனப் போரைப் படமெடுத்தவருக்கு, இருக்கிற வெளிச்சத்தில் வேலையை முடிப்பது பழகிய காரியம்.

1963இல் ‘கன்டெம்ப்ட்’: அகலத்திரை, வண்ணம், காப்ரித் தீவின் கடல்நீலம். அதே கைதானா என்று கேட்கத் தோன்றும். அங்கேயும் வெயிலை அவர் மென்மையாக்கவில்லை.